விம்மிகளுக்குத் தடுக்குப் போட்ட வாத்தியார்

கிருபைவிளை மிஷன் பள்ளிக்கூடத்துத் தலைமை வாத்தியார் எலியேசருக்கு வாழ்க்கையில் ஒரே ஆசைதான். தான் செத்தால் வீட்டு முற்றத்துக்கு நாற்பது விம்மிகள் வந்து அழ வேண்டும். நாற்பது என்பதை அவர் வாய்க்கு வந்தபடி சொல்லவில்லை. ஜலப்பிரளயத்து மழை பெய்தது நாற்பது நாள், மோசே மலையில் இருந்தது நாற்பது நாள், ஜனங்கள் வனாந்தரத்தில் அலைந்தது நாற்பது வருஷம். வேதத்தில் நாற்பதுக்கு இருக்கிற மரியாதை முப்பத்தொன்பதுக்குக் கிடையாது என்பது அவருடைய துணிபு.

விம்மி என்றால் என்னவென்று தெரியாதவர்களுக்குச் சொல்லிவிடலாம். தாமிரபரணிக்குத் தெற்கே, நஞ்சை முடிந்து செம்மணல் மேடுகளான தேரி தொடங்குகிற அந்தப் பக்கத்தில் அதைத் தெரியாத ஆள் கிடையாது. ஒரு வீட்டில் சாவு விழுந்தால், சவம் எடுப்பதற்குள் பனங்காட்டிலிருந்து அவை வரும். பத்து வயதுப் பிள்ளையின் உயரம் இருக்கும். சாம்பல் நிறம். வெயில் அடித்தால் அவற்றின் உடம்புக்குள்ளே அந்தப் பக்கத்து வேலி தெரியும். முகம் முழுக்கத் தலைமயிர் விழுந்து கிடக்கும். பக்கத்தில் போனால் ஊறப்போட்ட ஓலை வாசனை வீசும். செத்தவரின் முன்னால் போய் உட்காரும். அவர் பேரை ஒரே ஒரு தடவை சொல்லிக் கூப்பிடும். பிறகு தோள் குலுங்க விம்மிக்கொண்டே இருக்கும். குழியில் மண் விழுந்ததும் எழுந்து வந்த வழியே போய்விடும். யாரையும் பிடிக்காது, எதையும் கேட்காது, பலி வாங்காது. பேய்க்குரிய லட்சணம் ஒன்றுகூட இல்லாத பேய்.

ஒரு காலத்தில் அங்கே வந்த வெள்ளைக்காரப் பாதிரி ஐயர் ஒருவர், இப்படி இப்படி இந்தச் சீமையில் அழுகிற ஆவிகள் இருக்கின்றன, என்ன செய்யட்டும் என்று லண்டனுக்குக் கடிதம் எழுதினாராம். ஏழு மாதம் கழித்துப் பதில் வந்தது. அவர்களில் இதுவரை எத்தனை பேர் ஞானஸ்நானம் பெற்றிருக்கிறார்கள் என்று கேட்டிருந்தார்கள். ஐயர் அதற்கு மேல் அந்த விஷயத்தைக் கிளறவில்லை. சபையும் கண்டுகொள்ளாமல் விட்டுவிட்டது.

விம்மிகள் வெறுந்தரையில் உட்காருகின்றனவே என்று முதன்முதலில் எந்த வீட்டுக்காரருக்கு மனசு பொறுக்கவில்லையோ தெரியாது. யாரோ ஒருவர் அவற்றுக்குத் தடுக்குப் போட்டார். பனையோலையில் முடைந்த சின்னத் தடுக்கு, ஒரு ஆள் உட்காருகிற அளவு. அப்புறம் அதுவே வழக்கமாகிவிட்டது. வழக்கமானதும் எண்ணிக்கை வந்தது, எண்ணிக்கை வந்ததும் போட்டி வந்தது. எந்த வீட்டில் எத்தனை தடுக்கு நிறைந்தது என்பதுதான் செத்தவர் எப்பேர்ப்பட்டவர் என்பதற்கு அத்தாட்சி. உயிரோடு இருக்கும்போது அவர் என்ன செய்தார் என்று யார் கேட்கப் போகிறார்கள்?

எலியேசருக்கு இந்தப் பித்துப் பிடித்தது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இரண்டில், கொம்பையா பண்ணையார் செத்த அன்றைக்கு. கொம்பையாவுக்கு ஆற்றுப் பாசனத்தில் பாதி வயல் சொந்தம். மீதிப் பாதிக்கு வர வேண்டிய தண்ணீரும் அவர் வயலில்தான் பாயும். கை நீட்டாமல் கூலியாளிடம் பேசத் தெரியாத மனுஷர். சிரித்ததாக ஒரு சாட்சியும் கிடையாது. அவர் முற்றத்தில் இருபத்து மூன்று விம்மிகள் மூன்று வரிசையாக உட்கார்ந்து, குலுங்கிக் குலுங்கி அழுதன. அந்த வட்டாரத்தில் அதற்கு முன்னால் பன்னிரண்டைத் தாண்டியதில்லை.

அப்போது எலியேசருக்கு முப்பத்தைந்து வயது. வேலிக்கு வெளியே நின்று பார்த்தார். பாளையங்கோட்டையில் படித்தவர், தாலுகா கச்சேரிக் குமாஸ்தா எழுத்தைவிட அழகான கையெழுத்து, ஐந்து வகுப்பையும் ஒரே கூரைக்குள் ஒரே தொண்டையால் நடத்துகிறவர். இருந்தும் ஊரில் அவரை ‘ஏ வாத்தியாரே’ என்றுதான் கூப்பிட்டார்கள். இருபத்து மூன்று சாம்பல் முதுகுகளைப் பார்த்ததும் அவருக்குக் கண் கலங்கியது. பண்ணையாருக்காக அல்ல. இப்படி ஒரு மதிப்பு தனக்கு வராமல் போய்விடுமோ என்ற பயத்தில்.

வாத்தியார் இல்லையா, உடனே நோட்டு போட்டார். ‘விம்மி வருகை விளக்கம்’ என்று மேலே எழுதி, கீழே நாலு கட்டம் கோடு கிழித்தார். செத்தவர் பேர், பதவி, நிலம், வந்த விம்மிகள். இன்ஸ்பெக்டர் பள்ளிக்கூடத்துக்கு மார்க் போடுவது போல இவர் பிணங்களுக்கு மார்க் போட்டார். கிராம முன்சீப்பின் தகப்பனாருக்குப் பதினாறு. வட்டிக்கடைக்காரருக்குப் பதினெட்டு. உபதேசியார் தேவசிகாமணியின் அப்பாவுக்கு ஒன்பது. கீழத்தெருக் கூலிக்காரர்கள் வீடு ஒவ்வொன்றுக்கும் பூஜ்யம், பூஜ்யம், பூஜ்யம். நிலமும் அதிகாரமும் ஏற ஏற விம்மிகளும் ஏறின. இதைவிடத் தெளிவாக உலகத்தில் ஒரு உண்மை நிரூபிக்கப்பட்டதில்லை என்று எலியேசர் நம்பினார்.

அந்த ஒன்பதுதான் அவரை அதிகம் அரித்தது. தேவசிகாமணி கோயிலில் ஜெபம் சொல்கிறவர், எலியேசருக்கு வயதில் இரண்டு இளையவர், படிப்பில் நாலு வகுப்புக் குறைந்தவர். ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து வெளியே வந்து செருப்பு மாட்டும்போதெல்லாம், “எங்கப்பாவுக்கு ஒம்பது வந்துச்சுல்லா வே” என்று ஆரம்பித்துவிடுவார். வானம் மேகமாக இருக்கிறதே என்று தொடங்கினாலும் அந்தப் பேச்சு ஒன்பதில்தான் வந்து நிற்கும்.

கீழத்தெருக் கணக்கைச் சரிபார்க்க எலியேசர் ஒருநாள் மாரித்தாயைப் பள்ளிக்கூடத்துக்குக் கூப்பிட்டனுப்பினார். மாரித்தாய் வயல்வேலைக்காரி. சாவு வீடுகளில் மாரடித்து அழவும் அவளைத்தான் கூப்பிடுவார்கள். எந்தச் சாதி, எந்த வேதம் என்ற பேதமில்லாமல் அந்த வட்டாரத்துப் பிணம் ஒன்று பாக்கியில்லாமல் பார்த்தவள்.

“போன வாரம் உங்க தெருவுல செத்தானே, அவனுக்கு எத்தன விம்மி வந்துச்சு?”

“ஒண்ணும் வரல்ல ஐயா.”

“அதுக்கு முந்துன சாவுக்கு?”

“எங்க தெருவுக்கு அது வாறதே இல்ல.”

“பாத்தியா” என்று எலியேசர் திருப்தியாக ஒரு பூஜ்யத்தைப் போட்டார்.

“எதுக்கு வரணும்? அங்கனதான் நாங்க அழுதுக்கிட்டுக் கெடக்கோமே. அழ ஆளில்லாத வீட்டுக்குல்லா அது வரும்.” மாரித்தாய் வாசல் நிலைக்கு வெளியே நின்றபடி சொன்னாள். “பண்ணையார் வீட்டுல நான் மாரடிச்சேன். வாய் அழுதுச்சு, கண்ணு காஞ்சு கெடந்துச்சு. பொண்டாட்டி பெட்டிச் சாவியத் தேடிக்கிட்டு இருந்தா. மக்கமாரு ரெண்டு பேரும் வரப்பு அளக்கப் போயிட்டானுவ. பெறவு யாருய்யா அழுவா? பாவம், அதுவதான் இருபத்தி மூணும் வந்து அழுதுச்சுவ. எவ்வளவு கொறையுதோ அவ்வளவு வரும்.”

எலியேசர் பேனாவை நிறுத்தினார். ஒரு நிமிஷம் அவர் முகத்தில் ஏதோ வந்து போனதாக மாரித்தாய் பிற்பாடு சொன்னாள். “உனக்கு எழுதப் படிக்கத் தெரியுமாட்டி?” என்றார்.

“தெரியாதய்யா.”

“பின்ன சோலியப் பாத்துப் போ.”

அவள் சொன்னதை முதலில் எழுதிவிட்டார், பாவம், பழக்கதோஷம். பிறகு அதன்மேல் ஒரு கோடு கிழித்து, ‘கல்வியறிவற்ற ஸ்திரீயின் அபிப்பிராயம்’ என்று ஓரத்தில் குறித்தார். கீழத்தெருவில் எல்லாருக்கும் தெரிந்த சங்கதிதான் அது. பெரிய வீடுகளுக்குப் போய் யாரும் சொன்னதில்லை, அவ்வளவுதான். எங்கப்பாவுக்குப் பதினாறு என்று ஒருத்தன் மீசையைத் தடவிக்கொண்டு நிற்கும்போது அதைப் பார்த்துக்கொண்டு நிற்பதில் ஒரு சுகம் இருந்தது. இல்லாதப்பட்டவர்களுக்கு அந்தச் சுகமும் வேண்டாம் என்றால் எப்படி?

விளக்கம் எழுதியாயிற்று. இனி அதன்படி நடக்க வேண்டும். நிலம் வாங்க எலியேசருக்கு வக்கில்லை. ஆகவே பண்ணையாரிடம் நிலத்தைத் தவிர வேறு என்னென்ன இருந்தது என்று யோசித்து ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டார். முதலில் சிரிப்பை நிறுத்தினார். அடுத்து, யாராவது வணக்கம் சொன்னால் மூன்று எட்டு தாண்டிப் போன பிறகு தலையை அசைத்தார். கறுப்புக் கோட்டும் குடையும் இல்லாமல் கிணற்றடிக்குக்கூடப் போவதில்லை. பிரம்பை ஒன்றிலிருந்து மூன்றாக்கினார். திருமண விருந்தில் தனக்குப் போட்ட இலை கிழிந்திருந்தது என்று பாதியில் எழுந்து போனார். பத்து வருஷத்தில் அந்த ஊரில் அவரோடு பேச்சுவார்த்தை உள்ள குடும்பம் நாலோ ஐந்தோதான் மிஞ்சியது. மதிப்புக் கூடுகிறது, அதனால்தான் ஜனங்கள் ஒதுங்குகிறார்கள் என்று அவர் எடுத்துக்கொண்டார்.

ஒரே மகன் ஜேசுதாசன். சொந்தப் பிள்ளை என்று பாரபட்சம் காட்டுவதில்லை என்பதை ஊருக்குக் காட்ட, அவனைப் பள்ளிக்கூட வாசலில் நிறுத்தி எல்லாரும் பார்க்க அடிப்பார். அவன் பதினெட்டு வயதில் கப்பலேறிக் கொழும்புக்குப் போய், மலைத் தோட்டம் ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தான். அம்மாவுக்கு மட்டும் கடிதம் எழுதுவான். ‘அப்பாவுக்கும் தோத்திரம் சொல்லவும்’ என்று கடைசி வரியில் இருக்கும். பிறகு அந்த வரியும் நின்றுவிட்டது.

அம்மா என்பவள் கெசியா. இப்படிப்பட்ட மனுஷனுக்கு இப்படி ஒரு பெண்சாதி எப்படி வாய்த்தாள் என்று ஊரில் கேட்காதவர்கள் இல்லை. அவளைப் பற்றிச் சொல்லப் பெரிதாக ஒன்றுமில்லை. பேறுகாலம் என்றால் எந்தத் தெருவென்று பார்க்காமல் போவாள். பிள்ளைக்குக் காய்ச்சல் என்று யாராவது வந்து நின்றால் அடுப்பில் இருக்கிற சட்டியை இறக்கி வைத்துவிட்டுக் கிளம்புவாள். தொள்ளாயிரத்து ஒன்பதில் கீழத்தெருவில் வாந்திபேதி வந்தபோது, தேவசிகாமணி வீட்டுக்குள்ளேயே இருந்து ஊருக்காக ஜெபித்தார். எலியேசர் பள்ளிக்கூடத்தைப் பூட்டினார். கெசியா கஞ்சிப் பானையைத் தூக்கிக்கொண்டு பதினாறு நாள் அங்கே போய் வந்தாள்.

“நம்ம வீட்டு மதிப்பே ஒன்னாலதான் கொறையுது” என்றார் எலியேசர்.

“கூடுனா மட்டும் அத வச்சு ஒல கொதிக்கவா போவுது?” என்றாள் கெசியா.

அவருக்கான நாற்பது தடுக்குகளையும் அவள்தான் முடைந்தாள். சாத்தான்குளத்துச் சந்தையில் விற்கிறதே, வாங்கிக்கொள்ளலாமே என்று சொல்லிப் பார்த்தாள். சந்தைத் தடுக்கில் முனை பிசிறு தட்டும், வருகிறவை நம்மை என்ன நினைக்கும் என்றார் அவர். ஒரு மழைக்காலம் முழுக்க உட்கார்ந்து முடைந்தாள். முப்பத்தேழாவது தடுக்கிலோ என்னவோ அவள் கை நின்றது.

“ஏங்க, நாப்பது வந்து அழுது என்ன ஆவப்போவுது? உங்களுக்கு நான் அழ மாட்டனா?”

“நீ அழுவ. அத எவன் எண்ணுவான்?”

கெசியா ஓலையை ஈரத்துணியில் சுற்றி வைத்தாள். “எண்ணாட்டா அது அழுக இல்லாமப் போயிருமோ?” என்றாள். எலியேசர் முடைந்து முடித்த தடுக்குகளை எண்ணத் தொடங்கினார். எண்ண முடியாத ஒன்றைப் பற்றிப் பேசுவது அவருக்கு எப்போதும் சலிப்பு.

தொள்ளாயிரத்துப் பதின்மூன்று ஆனி மாதம் கெசியாவுக்குக் காய்ச்சல் கண்டது. கீழத்தெருவில் ஒரு பேறுகாலத்துக்குப் போய் மழையில் நனைந்து வந்தவள், படுத்தாள். மூன்றாம் நாள் காலையில் போய்விட்டாள். கடைசியில் அவள் கேட்டது, கொழும்புக்கு எழுதினீர்களா என்பதுதான். எழுதிவிட்டேன் என்றார் எலியேசர். எழுதவில்லை.

அவள் கை குளிர்ந்தபோது அவருக்கு நெஞ்சில் ஏதோ ஒன்று எழும்பித் தொண்டைக்கு வந்தது. அதை விட்டிருந்தால் இந்தக் கதை இங்கேயே முடிந்திருக்கும். ஆனால் வெளியே ஆள்கள் வரத் தொடங்கிவிட்டார்கள். முற்றம் பெருக்கவில்லை, தடுக்குகள் பரணில் கிடக்கின்றன. தொண்டையில் இருந்ததை விழுங்கிவிட்டு ஏணியை எடுக்கப் போனார். அழுவதற்கு அப்புறம் நேரம் இருக்கிறது என்று நினைத்திருப்பார்.

கெசியாவுக்கு நாற்பது வராது என்பது அவருக்குத் தெரியும். பெண்பிள்ளை, பதவி கிடையாது, நிலம் கிடையாது. ஆனாலும் தலைமை வாத்தியார் பெண்சாதி. ஒரு பத்து வந்தால்கூடப் போதும், தேவசிகாமணியின் ஒன்பது செத்தது. பத்து வர வேண்டுமானால் நாற்பதுக்கு இடம் போட வேண்டும் என்று கணக்குப் போட்டு, பந்தலுக்குக் கீழே சவப்பெட்டியைச் சுற்றி ஐந்து வரிசை, வரிசைக்கு எட்டாக நாற்பதையும் விரித்தார். கோடு கோணாமல் இருக்க நூல் பிடித்தார் என்று சிலர் சொல்கிறார்கள். அது கட்டிவிட்ட கதையாகவும் இருக்கலாம். ஆனால் அவர் செய்யாத ஆள் என்று சொல்ல முடியாது.

பத்து மணிக்குக் கீழத்தெரு வந்தது. ஒருவர் இருவராக வரவில்லை, தெருவே வந்தது. நாற்று நடுகிற நாள், நட்டுக்கொண்டிருந்த நாற்றை அப்படியே வயலில் போட்டுவிட்டு வந்திருந்தார்கள். முழங்கால்வரை சேறு. கெசியா கையில் பிறந்த பிள்ளைகளும், அந்தப் பிள்ளைகளைப் பெற்றவர்களும், வாந்திபேதியில் அவள் தந்த கஞ்சி குடித்துப் பிழைத்தவர்களும். இத்தனை வருஷத்தில் வாத்தியார் வீட்டு முற்றத்தில் கால் வைத்தறியாத ஜனம், அன்றைக்கு யாரிடமும் கேட்காமல் உள்ளே வந்து, கிடந்த தடுக்குகளில் உட்கார்ந்து, பெட்டியைப் பிடித்துக்கொண்டு அழுதது. பின்னாலேயே பனைத்தொழில் செய்கிறவர்கள் வந்தார்கள். எலியேசரோடு பத்து வருஷமாகப் பேசாத குடும்பங்கள் வந்தன. காயல்பட்டினத்திலிருந்து துணி கொண்டுவருகிற முகம்மது இப்ராஹிம்கூட மூட்டையை வேலியோரம் இறக்கி வைத்துவிட்டு, “நல்ல மனுஷி, நல்ல மனுஷி” என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு நின்றார்.

எலியேசருக்குப் பதறிவிட்டது.

“எந்திரிங்க, எந்திரிங்க! அது வாறவங்களுக்குப் போட்டது.”

“நாங்க வந்துதான இருக்கோம் ஐயா?” என்றாள் ஒரு கிழவி, புரியாமல்.

“உங்களுக்கில்ல. அங்கன வேலியோரம் தள்ளி உக்காருங்க. ஏட்டி, சேத்துக் கால வைக்காத!”

வரிசை வரிசையாகப் போய் ஆட்களைக் கிளப்பினார். ஒரு வரிசையைக் காலி செய்தால் முந்தின வரிசை நிறைந்துவிடும். அழுகிறவர்கள் எழுந்து, நகர்ந்து, அழுதுகொண்டே திரும்ப வந்து உட்கார்ந்தார்கள். பெண்சாதி பெட்டியில் கிடக்கிறாள், மனுஷன் தடுக்கைத் தட்டித் துடைத்துக்கொண்டிருக்கிறார். அந்தக் காட்சியைப் பார்த்துச் சிரிக்க வேண்டியவர்கள்கூட அன்றைக்குச் சிரிக்கவில்லை.

மூன்று மணி ஆயிற்று. தேவசிகாமணி ஜெபப் புத்தகத்தோடு வந்து சேர்ந்தார். ஜெபத்துக்கு முன்னால் கூட்டத்தை நோட்டமிட்டு, எலியேசர் காதருகே குனிந்தார்.

“எத்தன வே?”

“வந்துக்கிட்டு இருக்கு.”

“எங்க? ஒண்ணத்தையும் காணுமே.”

“பொறும்வே” என்று பல்லைக் கடித்தார் எலியேசர்.

வாசலில் போய் நின்றார். பனங்காட்டு ஒற்றையடிப் பாதை வெயிலில் வெறிச்சென்று கிடந்தது. நாலு மணிக்கு எடுக்க வேண்டும். பின்னால் அழுகை ஏறிக்கொண்டே போனது. அவர் பாதையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. கொம்பையாவுக்கு இருபத்து மூன்று. வட்டிக்கடைக்காரனுக்குப் பதினெட்டு. தன் வீட்டுக்குக் கீழத்தெருவைப் போலப் பூஜ்யமா? ஊர் முழுக்க அவர் பெண்சாதிக்காக அழுகிறது, இவர் தன் மானம் போகிறதே என்று வேர்த்துக்கொண்டு நிற்கிறார்.

மூன்றரை மணிக்கு அது வந்தது.

பாதை முனையில் முதலில் வெயில் மங்கியது போலத் தெரிந்தது. பிறகு சாம்பல் நிறத்தில் ஒரு சின்ன உருவம், தலைமயிரைத் தொங்கவிட்டு, பைய நடந்து வந்தது. ஒன்றே ஒன்று. எலியேசருக்குப் போன உயிர் வந்தது. “ஒண்ணு!” என்று கத்திவிட்டார். “வே தேவசிகாமணி, ஒண்ணு வந்தாச்சு! இனி பின்னால வரும்.” ஓடிப்போய் முன் வரிசை நடுவில் இருந்தவளை எழுப்பிவிட்டுத் தடுக்கைத் தட்டிப் போட்டார்.

கூட்டம் வழி விட்டது. அழுகை நின்றது. கெசியாவைப் போன்ற ஒருத்திக்கு எதற்கு இது வருகிறது என்று கீழத்தெருக்காரர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். விம்மி பந்தலுக்குள் வந்தது. தடுக்கு வரிசைகளைத் தாண்டியது. பெட்டிக்கு அருகே ஒரு கணம் நின்று, உள்ளே இருந்த முகத்தைப் பார்த்தது. இங்கே தனக்கு வேலை இல்லை என்பது போல அப்பால் நகர்ந்தது. சுற்றிக்கொண்டு வந்து, தடுக்கும் கையுமாகக் குனிந்திருந்த எலியேசரின் முன்னால் வெறுந்தரையில் உட்கார்ந்தது.

“எலியேசர்” என்று கூப்பிட்டது.

குரல் சன்னமாக இருந்தது. ஆனாலும் வேலிக்கு வெளியே நின்றவர்களுக்கும் கேட்டது. பிறகு அது குனிந்து விம்மத் தொடங்கியது.

எலியேசர் திரும்பித் தன் பின்னால் பார்த்தார். யாருமில்லை. “பொணம் அங்கன இருக்கு” என்றார் அதனிடம், வகுப்பில் தப்பான பக்கத்தைப் புரட்டினவனிடம் சொல்வது போல. “அந்தா, பெட்டியில.” அது அசையவில்லை. அவர் இரண்டு எட்டு விலகிப் போனார். அதுவும் எழுந்து வந்து, மறுபடி அவர் முன்னால் உட்கார்ந்தது.

“நான் இன்னும் சாவல்ல!” என்று கத்தினார்.

“ஒண்ணுன்னு எழுதிக்கிட வேண்டியதுதான்” என்றார் தேவசிகாமணி மெதுவாக. “ஆனா யார் பேருல எழுத வே?”

மாரித்தாய் கூட்டத்திலிருந்து எழுந்து வந்தாள். அவள் கண் சிவந்து வீங்கியிருந்தது. அன்றைக்கு அவளை யாரும் மாரடிக்கக் கூப்பிடவில்லை, அவளாக வந்தவள். எலியேசர்மேல் அவளுக்குப் பெரிய பிரியம் ஒன்றும் கிடையாது. ஆனால் ஒரு மனுஷன் இப்படி முழித்துக்கொண்டு நிற்பதைப் பார்க்க அவளுக்குச் சகிக்கவில்லை.

“ஐயா, அது தப்பா வரல்ல” என்றாள். “உங்களுக்குன்னு அழ ஒரு ஆளு இருந்தா. அவதான் பெட்டியில கெடக்கா. இனி என்னைக்கு வந்தா என்னன்னு அது இன்னைக்கே வந்துட்டு.”

“இத எந்திரிச்சுப் போவச் சொல்லு.”

“நான் சொன்னாக் கேக்காது. நீங்க அழுங்க.”

“என்னது?”

“அம்மாவ நெனச்சு அழுங்க ஐயா. அடுத்தவங்களுக்காவ மனசு உருகி அழுத ஆளு முன்னால அது உக்காராது. உங்க அழுக சத்தம் கேட்டா எந்திரிச்சுப் போயிரும்.”

முற்றமே அவரைப் பார்த்தது. வெறுப்போடு பார்க்கவில்லை, அதுதான் அவரால் தாங்க முடியாததாக இருந்தது. கெசியாவின் புருஷன் என்ற ஒரே காரணத்துக்காக, இந்த மனுஷன் அழுதுவிட வேண்டுமே என்று அத்தனை பேரும் வேண்டிக்கொண்டு நின்றார்கள். எலியேசர் பெட்டியருகே போனார். கெசியாவின் முகத்தைப் பார்த்தார். காலையில் தொண்டைவரை வந்ததைத் தேடினார். அது அங்கே இல்லை. தன் பின்னால் அந்த விம்மல் சத்தம் மட்டும் கேட்டது.

இவள் போய்விட்டாள். மகன் வர மாட்டான். கொழும்பிலிருந்து இனிக் கடிதம்கூட வராது, எழுதினதெல்லாம் இவளுக்குத்தான். நாளைக்குத் தான் செத்துக் கிடந்தால் இந்தக் கூட்டத்தில் ஒருத்தி நாற்றைக் கீழே போடுவாளா? பெட்டியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு சரிந்து உட்கார்ந்தார். முதலில் ஒரு கேவல் வந்தது. பிறகு வாய் கோணி, மூக்கு ஒழுக, ஊர் பார்க்க அழுதார். கோட்டும் தலைப்பாகையும் கலைந்தன. கிருபைவிளையில் அதற்கு முன் யாரும் கண்டிராத காட்சி.

கூட்டத்துக்கு மூச்சு வந்தது. “அழுதுட்டாவ, அழுதுட்டாவ” என்று பெண்கள் தங்களுக்குள் சொல்லிக்கொண்டார்கள். முகம்மது இப்ராஹிம் கண்ணை மூடி ஏதோ முணுமுணுத்தார். மாரித்தாய்கூடச் சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

விம்மி விம்முவதை நிறுத்தியது. தலையை நிமிர்த்தியது. எழுந்து போய்விடும் என்று வாசல் பக்கம் நின்றவர்கள் வழி விட்டார்கள்.

“ஐயோ, எனக்கு இனிமே யாரு இருக்கா!” என்று எலியேசர் பெட்டியில் முட்டிக்கொண்டு அலறினார். “எனக்கு இனி யாரு அழுவா!”

விம்மி கொஞ்ச நேரம் அதைக் கேட்டுக்கொண்டிருந்தது. அவர் யாருக்காக அழுகிறார் என்று தெரிந்ததும் மறுபடி குனிந்து, விட்ட இடத்திலிருந்து விம்மத் தொடங்கியது.